கச்சிநெறியில் ஒரு காரைக்காடு

வண்டலூரிலிருந்து வாலாஜாபாத் போகும் சாலையில் படப்பையைத் தாண்டி ஒரகடம் கூட்டுரோட்டை நெருங்கினால் இருபுறமும் தொழிற்சாலை மதில்கள் தொடங்கிவிடும். புதுக் கார்களை அடுக்கிக்கொண்டு நீளமான டிரெய்லர்கள் போகும். ஷிப்ட் மாறும் நேரத்தில் கம்பெனி பஸ்கள் வரிசைகட்டி நிற்கும். 1998இல் இருங்காட்டுக்கோட்டை ஆலையிலிருந்து ஹூண்டாயின் முதல் சான்ட்ரோ வெளிவந்தது. 2010இல் ஒரகடத்தில் ரெனோ-நிசான் ஆலை ஓடத் தொடங்கியது. ஏரியும் மேய்ச்சல் நிலமும் முட்காடுமாக இருந்த இந்த வட்டாரம் ஒரு தலைமுறைக்குள் நாட்டின் பெரிய வாகனத் தொழில் வட்டாரங்களில் ஒன்றாகிவிட்டது.

மதில் முடிந்து ஏரிக்கரை தொடங்கும் இடத்தில் இன்னும் சில துண்டு நிலங்கள் விடுபட்டுக் கிடக்கின்றன. அங்கே சீமைக்கருவேலத்துக்கு நடுவே ஓர் ஆள் உயரத்துக்கு நெருக்கமாகக் கிளைத்த ஒரு முட்புதரைப் பார்க்கலாம். பஸ்ஸுக்குக் காத்திருக்கும் இளைஞரிடம் அதன் பெயரைக் கேட்டால் "ஏதோ முள்ளுச்செடி" என்பார். கரையில் ஆடு மேய்க்கும் அம்மாவிடம் கேட்டால் வேறு பதில் வரும். "அது காரமுள்ளு தம்பி. பழுத்தா மஞ்சளா இருக்கும், தின்னலாம். தழைய ஆடும் தின்னும், நாமளும் கடைஞ்சு தின்னலாம்."

முதல் பதிலில் முள் ஒன்றுதான் தெரிகிறது. இரண்டாவது பதிலில் ஒரு பெயரும், அந்தப் பெயரோடு ஒட்டிக்கொண்டு வந்த நான்கு செய்திகளும் இருக்கின்றன. பழத்தின் நிறம் தெரிகிறது, அதன் உண்தகுதி தெரிகிறது, தீவனப் பயன் தெரிகிறது, கீரைப் பயன் தெரிகிறது. இந்த அத்தியாயம் அந்தப் பெயரைப் பற்றியது. காரை என்ற இரண்டெழுத்துச் சொல் எங்கெங்கே போயிருக்கிறது, என்னென்ன பொருள் தந்திருக்கிறது, எந்தெந்த மண்ணுக்குச் சாட்சி சொல்கிறது என்று ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

செடியை முதலில் அறிவோம்

காரை, காப்பிச் செடியின் குடும்பத்தைச் சேர்ந்தது. தாவரவியலார் ருபியேசி என்று அழைக்கும் அந்தக் குடும்பத்தில்தான் நம் வீட்டு வாசலில் பூக்கும் இட்லிப்பூவும், வயல் வரப்பில் நிற்கும் நுணாவும் இருக்கின்றன. காப்பியும் காரையும் உறவு என்பதை நம்புவதற்கு நுண்ணோக்கி தேவையில்லை. இலைகள் எதிரெதிராக இணைந்து முளைப்பதையும், இரு இலைக் காம்புகளுக்கும் நடுவே தண்டை ஒட்டி ஒரு சிறு செதில் இருப்பதையும் கண்ணாலேயே பார்க்கலாம். காரைப் பழத்தைப் பிதுக்கினால் உள்ளே பொதுவாக இரண்டு விதைகள், இரு பாதிகளாக ஒன்றை ஒன்று பார்த்து ஒட்டியிருக்கும். காப்பிப் பழத்துக்குள் இரண்டு கொட்டைகள் இருக்கும் அதே அமைப்புதான் இது.

சிறு பழம் என்பதால் இதைத் தக்காளி, கத்தரி போன்ற சதைக்கனி என்று எண்ணத் தோன்றும். தாவரவியல் கணக்கில் இது அந்த வகையில்லை. விதையைச் சுற்றிக் கடினமான ஓடு இருப்பதால் இது உள்ளோட்டுத் தசைக்கனி. பழத்தின் கட்டமைப்பில் காரை தக்காளியைவிட மாங்காய்க்கு நெருக்கம். பறவைக்கு மேல்சதை கூலி. விதையோ ஓட்டின் காப்பில் சேதமில்லாமல் வயிற்றைக் கடந்து வேறோர் இடத்தில் விழுகிறது. கொண்டைக்குருவியும் மைனாவும் உட்கார்ந்து எழுந்த வேலியோரங்களில் யாரும் நடாமலே சிறுபழச் செடிகள் முளைத்து நிற்பது இப்படித்தான்.

முட்களையும் கவனிக்க வேண்டும். இலந்தையிலும் கருவேலத்திலும் முள்ளாக மாறியிருப்பது இலையடிச் செதில். காரையில் முள்ளாக மாறியிருப்பது சிறு கிளை. அது இலைக்கோணத்தில், ஜோடி ஜோடியாக, நேராக நிற்கும். களாச்செடியிலும் முட்கள் ஜோடியாகவே இருப்பதால் இரண்டையும் குழப்பிக்கொள்கிறவர்கள் உண்டு. ஓர் இலையைக் கிள்ளிப் பார்த்தால் போதும். வெள்ளைப் பால் வடிந்தால் களா, வடியாவிட்டால் காரை. களாவின் பழம் கருஞ்சிவப்பாகிக் கறுக்கும். காரையின் பழம் பச்சையிலிருந்து மஞ்சளாகும். சூரைக்கு முள் கொக்கிபோல வளைந்திருக்கும். களா, காரை, சூரை என்று தனித்தனிப் பெயர் வைத்தவர்கள் இவ்வளவையும் பார்த்துத்தான் வைத்தார்கள். பிரித்துப் பார்க்கத் தெரியாதவனுக்கு மூன்று பெயர் எதற்கு?

ஒரு முன்னொட்டின் எடையையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். காரை இனிக்கும். மருக்காரை என்றொரு செடியும் உண்டு, அதுவும் ருபியேசி குடும்பமே, அதற்கும் இலைக்கோணத்தில் முள் உண்டு. ஆனால் அதன் காயை உண்டால் வாந்தி வரும். வடமொழி மருத்துவ நூல்கள் மதனபலம் என்று கூறி வாந்தி எடுப்பிக்கும் சிகிச்சைக்குப் பயன்படுத்தியது அதைத்தான். மீன்களை மயக்கிப் பிடிக்கவும் அந்தக் காயை அரைத்து நீரில் கலந்தார்கள். "மரு" என்ற இரண்டெழுத்தை விட்டுவிட்டால் இனிப்புக்கும் வாந்திக்கும் வேறுபாடு போய்விடும்.

ஒரே ஒலி, மூன்று சொற்கள்

தமிழில் காரை என்றால் செடி மட்டுமில்லை. பழைய வீட்டுச் சுவரில் சுண்ணாம்புப் பூச்சு உதிர்ந்தால் "காரை பெயர்ந்துவிட்டது" என்கிறோம். கழுத்தை ஒட்டி அணியும் பட்டை நகைக்கும் காறை என்று பெயர். அதற்கு வல்லின றகரம். அந்த நகை படியும் இடத்தில் இருப்பதால்தான் தோளையும் மார்பையும் இணைக்கும் எலும்பைக் காறையெலும்பு என்றார்கள். பேச்சில் ரகரமும் றகரமும் கலந்துவிட்டதால் இன்று பலர் அதையும் "காரை எலும்பு" என்றே எழுதுகிறார்கள்.

இப்படிப்பட்ட சொற்களை எப்படிப் பிரித்தறிவது என்று தொல்காப்பியம் கிளவியாக்கத்தில் ஒரு வழி காட்டுகிறது. பலபொருள் ஒருசொல்லை அது இரண்டாகப் பிரிக்கிறது. தொடர்ந்து வரும் வினையாலேயே பொருள் தெளிவாகிவிடும் சொற்கள் ஒரு வகை, அப்படித் தெளிவாகாதவை இன்னொரு வகை. "மா பூத்தது" என்றால் மரம், "மா பாய்ந்தது" என்றால் விலங்கு. நம் சொல்லையும் அப்படியே சோதிக்கலாம். காரை பழுத்தது என்றால் செடி. காரை பெயர்ந்தது என்றால் சுவர். காறை பூட்டினாள் என்றால் நகை. கேட்பவருக்கு ஒரு குழப்பமும் இல்லை. இன்றைய மொழியியலார் சூழல் கொண்டு பொருள் தெளிதல் என்று கூறுவதும், கணினிக்கு மொழி கற்பிப்போர் மல்லுக்கட்டுவதும் இந்த வினாவோடுதான்.

ஆனால் செடியும் சுவர்ப்பூச்சும் உண்மையில் ஒரே சொல்லின் இரு பொருள்களா, அல்லது ஒலியால் மட்டும் ஒன்றாகிப்போன இரு வேறு சொற்களா? தமிழுக்குள்ளேயே நின்றால் இதற்கு விடை கிடைக்காது, பக்கத்து மொழிகளைக் கேட்க வேண்டும்.

மலையாளத்தில் இந்தச் செடி கார. கன்னடத்தில் காரெ. தமிழில் ஐகாரத்தில் முடியும் சொற்கள் மலையாளத்தில் அகரத்திலும் கன்னடத்தில் எகரத்திலும் முடிவது வழக்கம். தலை, தல, தலெ. மலை, மல, மலெ. காரை, கார, காரெ என்பதும் அந்த வாய்பாட்டில் அப்படியே பொருந்துகிறது. இப்படி ஒழுங்காகப் பொருந்தினால் அந்தச் சொல் ஒரு மொழியிலிருந்து இன்னொன்றுக்கு நேற்று போன இரவல் இல்லை என்று கொள்ளலாம். மூன்று மொழிகளும் பிரிவதற்கு முன்பே அவற்றின் பொது முன்னோர் இந்த முட்செடியை ஏறத்தாழ இதே பெயரால் அழைத்திருக்க வேண்டும்.

சுவர்ப்பூச்சுக்கு வருவோம். கன்னடத்திலும் தெலுங்கிலும் அதற்கு உரிய சொல்லின் முதல் ககரத்தை "கங்கை" என்பதன் இரண்டாம் ககரம்போல் மென்மையாக ஒலிப்பார்கள். இந்தியிலும் மராத்தியிலும் சாந்துக்கு உள்ள பெயரிலும் அதே மெல்லொலிதான். கன்னடக்காரர் செடியை வல்லொலியோடும் பூச்சை மெல்லொலியோடும் சொல்வதால் அவருக்கு அவை எழுத்திலேயே வேறு வேறு சொற்கள். தமிழ் எழுத்து இவ்விரு ஒலிகளுக்கும் ஒரே ககரத்தைப் பயன்படுத்துவதால் நமக்கு இரண்டும் ஒன்றாகத் தெரிகின்றன. செடிப்பெயர் இந்த மண்ணின் பழஞ்சொல் என்றும், பூச்சின் பெயர் கொத்தனார்களோடு மொழிக்கு மொழி பயணம் செய்த சொல் என்றும் கொள்வதே பொருத்தம்.

தெலுங்கு மட்டும் செடியின் பெயரில் தனி வழியில் போகிறது. அங்கே இது பலுசு. உயிரோடிருந்தால் பலுசுக் கீரை தின்றாவது பிழைக்கலாம் என்பது ஆந்திரத்துப் பழமொழி. மழை பொய்த்து வயல் காய்ந்த காலத்தில் விதைக்காமல் கிடைத்த கீரைகளில் இதுவும் ஒன்று என்பதற்கு அந்தப் பழமொழியே சாட்சி.

லத்தீனுக்குள் ஒளிந்திருப்பது யார்?

காரையின் அறிவியல் பெயர் கேந்தியம் கொரமாண்டெலிக்கம். கேட்டால் நமக்கும் அதற்கும் தொடர்பே இல்லாததுபோல இருக்கும். பிரித்துப் பார்த்தால் இரண்டு பாதியும் நம் கடற்கரைகளிலிருந்து போனவை.

1670களில் கொச்சியில் டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனியின் தளபதியாக இருந்த ஹெண்ட்ரிக் வான் ரீடு, மலபாரின் செடிகொடிகளைப் படங்களோடு தொகுக்கத் தொடங்கினார். அவருக்குச் செடிகளை அடையாளம் காட்டி, பெயரும் பயனும் கூறியவர்களில் முதன்மையானவர் இட்டி அச்சுதன் என்ற ஈழவ வைத்தியர். 1678 முதல் 1693 வரை ஆம்ஸ்டர்டாமில் 12 தொகுதிகளாக வெளிவந்த அந்த நூல்தான் ஹோர்டுஸ் மலபாரிகஸ். அதன் பெருமை, ஊர்மக்கள் சொன்ன பெயர்களை அப்படியே பதிவு செய்ததில் இருக்கிறது. நம் செடியும் கார என்று முடியும் மலையாளப் பெயரோடு அதில் இடம்பெற்றது.

1768இல் நிக்கோலாஸ் பர்மன் என்ற டச்சுத் தாவரவியலார் இந்தச் செடிக்குப் பெயர் சூட்டியபோது, அதைக் குமிழ் மரத்தின் பேரினத்தில் சேர்த்துவிட்டார். நிலக்குமிழும் முள்ளுள்ள புதர், மஞ்சள் பழம் கொண்டது. பிழை நேர்ந்ததில் வியப்பில்லை. 1785இல் பிரெஞ்சு அறிஞர் லாமார்க், இது தனிப் பேரினம் என்று கண்டு புதுப்பெயர் வைத்தார். பின்னாளில் பரிணாமக் கருத்தை முன்வைத்துப் புகழ்பெற்ற அதே லாமார்க்தான். கண்டன்கார என்ற மலையாளப் பெயரை எடுத்து லத்தீன் வடிவம் கொடுத்துக் கேந்தியம் என்று ஆக்கினார். 1931இல் ஆல்ஸ்டன் என்பவர் லாமார்க்கின் பேரினப் பெயரையும் பர்மனின் சிற்றினப் பெயரையும் இணைக்க, இன்றைய பெயர் உறுதியானது.

லாமார்க் செய்த வெட்டை உற்றுப் பாருங்கள். கண்டன்கார என்ற தொடரில் கார என்பதுதான் செடி. கண்டன் அதற்கு முன்வந்த அடைமொழி. அவர் அடைமொழியை வைத்துக்கொண்டு செடியை விட்டுவிட்டார். நல்லபாம்பு என்பதற்குப் பெயர் வைக்க வந்தவர் "நல்ல" என்பதை மட்டும் எழுதிப் போனது போன்றது இது. மொழி தெரியாத தூரத்திலிருந்து பெயர் எடுத்தால் இப்படித்தான் நேரும்.

பெயரின் பின்பாதியான கொரமாண்டெலிக்கம் நம் கிழக்குக் கடற்கரையைக் குறிக்கிறது. கோரமண்டல் என்பது சோழமண்டலம் என்பதன் திரிபு என்பதே பெரும்பாலான அறிஞர் கருத்து. மேற்குக் கரையின் அடைமொழியும் கிழக்குக் கரையின் பெயரும் சேர்ந்து ஒரு முட்செடியின் உலகப் பெயராகியிருக்கின்றன. இது தனி நிகழ்ச்சியும் இல்லை. முருங்கை மொரிங்கா ஆனது, மாங்காய் மாஞ்சிஃபெரா ஆனது, புங்கம் பொங்கேமியா ஆனது. உலகத் தாவரவியலின் அடிக்கல்லில் தென்னிந்திய வைத்தியர்களும் உழவர்களும் சொன்ன சொற்கள் கலந்திருக்கின்றன.

காட்டின் பெயர் ஊரின் பெயரானபோது

ஒரகடத்திலிருந்து அதே சாலையில் வாலாஜாபாத் கடந்து காஞ்சிபுரத்துக்குப் போனால், திருக்காலிமேடு என்ற பகுதியில் சத்தியநாதேசுவரர் கோயில் இருக்கிறது. 7ஆம் நூற்றாண்டில் திருஞானசம்பந்தர் பாடிய தலம் இது. அந்தப் பதிகம் மூன்றாம் திருமுறையில் உள்ளது. காஞ்சிபுரத்தின் ஐந்து பாடல்பெற்ற தலங்களில் ஒன்றான இதன் பழம்பெயர் கச்சிநெறிக்காரைக்காடு. கச்சி என்பது காஞ்சி. நெறி என்பது வழி. காஞ்சிக்குப் போகும் வழியில் இருந்த காரைக்காடு என்று பெயரே விளக்கம் சொல்லிவிடுகிறது. கோயிலின் தலமரமும் காரைச்செடியே.

ஊர்ப்பெயர்களை வைத்துப் பழைய தாவரங்களை ஊகிக்கும்போது எச்சரிக்கை தேவை. ஒலி ஒத்துப்போனால் போதும் என்று நினைத்தால் வழி தவறும். கச்சிநெறிக்காரைக்காட்டில் நமக்கு மூன்று சான்றுகள் ஒன்றையொன்று தாங்குகின்றன. பெயரின் முடிவில் காடு என்ற சொல் இருக்கிறது. பெயர் 7ஆம் நூற்றாண்டளவுக்குப் பழையது. வழிபாட்டில் அந்தச் செடியே தலமரமாக நிற்கிறது. ஆகவே இங்கே காரை என்றால் செடிதான் என்று துணிந்து சொல்லலாம்.

காரைக்குடியை எடுத்துக்கொண்டால் இவ்வளவு எளிதில்லை. காரைச்செடியால் வந்த பெயர் என்பாரும் உண்டு, சுண்ணாம்புக் காரை பூசிய வீடுகளால் வந்த பெயர் என்பாரும் உண்டு. இன்று நாம் வியந்து பார்க்கும் செட்டிநாட்டு மாளிகைகளில் பெரும்பாலானவை 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிலும் 20ஆம் நூற்றாண்டின் முற்பகுதியிலும் எழுந்தவை. ஊர்ப்பெயர் அவற்றுக்கு முந்தியது என்றால் செடிக்கே வாய்ப்பு அதிகம். யாழ்ப்பாணத்துக் காரைநகர் முன்பு காரைதீவு எனப்பட்டது. அங்கு நிறைந்திருந்த காரைச்செடிகளால் வந்த பெயர் என்று அவ்வூரார் கூறுவர். கடலூருக்குத் தெற்கே காரைக்காடு என்றே ஓர் ஊர் உண்டு. இன்று அது கடலூர் சிப்காட் தொழிற்பேட்டையை ஒட்டிய ஊர்களில் ஒன்று. பெயரில் காடு, பக்கத்தில் புகைபோக்கி.

ஊர்ப்பெயருக்கும் முந்திய சான்று ஒன்றும் நம்மிடம் இருக்கிறது. புறநானூற்றின் 258ஆம் பாடலில் உலோச்சனார், நன்றாக விளைந்து முதிர்ந்த கள்ளைச் சொல்லும்போது காரையின் முதிர்ந்த பழத்தை உவமையாகக் கொண்டுவருகிறார். உவமை என்பது கேட்பவருக்கு ஏற்கெனவே தெரிந்ததைக் கொண்டு தெரியாததை விளக்குவது. காரைப்பழம் கனிந்தால் எப்படியிருக்கும் என்பது அந்தப் பாடலைக் கேட்டவர்களுக்குத் தெரிந்திருந்தது. ஏரிக்கரை அம்மாவுக்கும் இன்று அது தெரியும். நடுவில் ஏறத்தாழ இரண்டாயிரம் ஆண்டுகள் கடந்திருக்கின்றன. இவ்வளவு நீண்ட காலம் ஒரே உயிரினத்தை ஒரே சொல்லால் இடைவிடாமல் அழைத்துவரும் வாய்ப்பு உலகில் எத்தனை மொழிகளுக்குக் கிடைத்திருக்கிறது?

பெயர் தொலைந்தால் என்ன தொலையும்?

சோழமண்டலக் கரையை ஒட்டிய சமவெளியின் இயற்கைத் தாவரம், வெப்பமண்டல உலர் பசுமைமாறாக் காடும் அதையொட்டிய முட்புதர்க் காடும். உயரமான மரங்கள் இல்லாததால் இந்தப் புதர்க்காட்டைக் காடு என்று ஒப்புக்கொள்ளவே பலர் தயங்குகிறார்கள். அரசுப் பதிவேட்டின் தரிசு என்ற சொல்லுக்குள் காரையும் களாவும் சூரையும் ஒன்றாகக் கரைந்துவிடுகின்றன. இருங்காட்டுக்கோட்டை, காட்டரம்பாக்கம், நாவலூர், மாம்பாக்கம் என்று இந்தத் தொழில் வட்டாரத்து ஊர்ப்பெயர்களில் காடும் மரமும் இன்னும் ஒலிக்கின்றன. தரையில் அவை குறைந்துகொண்டே வருகின்றன.

தரிசு என்று எழுதிய நிலத்தை வெட்டிச் சமப்படுத்த யாருக்கும் மனம் உறுத்தாது. காரைக்காடு என்று எழுதியிருந்தால் ஒரு கணமாவது நின்று பார்த்திருப்போம். பெயரை நான் அறிவியலின் முதல் கருவி என்று கருதுவது இதனால்தான். பெயருள்ளதைத்தான் எண்ண முடியும், ஒப்பிட முடியும், குறைந்துவிட்டது என்று கண்டுபிடிக்க முடியும். பெயரில்லாத உயிர் மறைந்தால் அது மறைந்ததே தெரியாது. திருச்சி தூய வளனார் கல்லூரியின் ராப்பினாட் ஹெர்பேரியம் என்ற உலர்தாவரக் காப்பகத்தில் இருந்துகொண்டு, தமிழ்நாட்டுச் சமவெளித் தாவரங்களை அருட்தந்தை கே. எம். மேத்யூ 1980களில் தொகுத்து நூலாக்கினார். உலர்த்தி ஒட்டிய ஒவ்வொரு தாளிலும் செடி எடுத்த இடமும் நாளும் பெயரும் எழுதிவைப்பது ஹெர்பேரியத்தின் அடிப்படை ஒழுக்கம். அந்த ஒழுக்கத்தைச் சிறிய அளவில் நாமும் கைக்கொள்ளலாம்.

இந்த வட்டாரத்துப் பள்ளி ஆசிரியர்களிடம் ஒரு வேண்டுகோள். ஓர் ஏரிக்கரையைத் தேர்ந்தெடுத்து, ஆடு மேய்க்கும் ஒருவரையோ விறகு பொறுக்கும் ஒருவரையோ அன்றைய ஆசிரியராக அழைத்து, மாணவர்களோடு ஒரு நாள் நடந்து பாருங்கள். அவர் சொல்லும் பெயர்களை அவர் உச்சரிப்பிலேயே எழுதச் சொல்லுங்கள். காரமுள்ளு என்றால் காரமுள்ளு என்றே எழுதட்டும், பக்கத்தில் இலையும் முள்ளும் பழமும் வரைந்துவைக்கட்டும். வான் ரீடு இட்டி அச்சுதனிடம் செய்ததும் இதைத்தான்.

தொழிற்சாலை நிர்வாகங்களிடமும் ஒன்று கேட்கிறேன். வளாகத்தில் குறிப்பிட்ட அளவு பசுமைப் பரப்பு வேண்டும் என்பது சுற்றுச்சூழல் அனுமதிகளில் வழக்கமாக வரும் நிபந்தனை. அந்த இடத்தை வெளிநாட்டு அழகுச் செடிகளால் மட்டும் நிரப்ப வேண்டாம். மதிலோரத்தில் ஒரு வரிசை காரை வையுங்கள். இந்த மண்ணிலும் இந்த வெயிலிலும் வளர்ந்து பழகிய செடி அது. முள்ளால் வேலியாகும், பழத்தால் பறவைகளை அழைக்கும். வைத்த பிறகு மறக்காமல் பக்கத்தில் ஒரு சிறு பலகை நட்டு, அதில் தமிழில் காரை என்று எழுதுங்கள். ஷிப்ட் முடிந்து பஸ்ஸுக்கு நிற்கும் அந்த இளைஞர் படிக்கட்டும். அடுத்த முறை யாராவது கேட்டால் அவர் பெயரைச் சொல்வார்.